கிளிமஞ்சாரோ அண்ணைக்குச் சொன்ன சொல்

என் வேலை என்னவென்று ஊரில் யாராவது கேட்டால், அருங்காட்சியகத்தில் இருக்கிறேன் என்று சொல்வேன். அதற்குமேல் கேட்டால் தொலைபேசியை மனைவியிடம் கொடுத்துவிடுவேன். உண்மையில் நான் பூச்சி எண்ணுகிறவன். ஜெர்மனியில், நாங்கள் இருக்கும் ஹம் நகரிலிருந்து ரயிலில் நாற்பது நிமிடம் தள்ளி, ஒரு தொழிற்பேட்டையின் ஓரத்தில், யன்னல் இல்லாத ஒரு கட்டடம். அருங்காட்சியகத்தில் வைக்க இடமில்லாத சாமான்கள் எல்லாம் அங்கேதான். வெள்ளிக்கிழமைகளில் அலுமாரிகளின் அடியில் வைத்திருக்கும் ஒட்டுப்பொறிகளைக் குனிந்து எடுத்து, எத்தனை வண்டு, எத்தனை அந்துப்பூச்சி என்று தாளில் எழுத வேண்டும். இந்த முதுகும் இந்த வயிறும் சேர்ந்து குனிவதைப் பார்க்க அந்த வண்டுகளுக்கே இரக்கம் வந்திருக்கும்.

கடைசி அறை ஆபிரிக்கா. முரசுகள், ஈட்டிகள், அரசர்கள் இருந்த முக்காலிகள், ஒரு வாசற்கதவு முழுசாக. ஒரு கண்டத்தின் வீட்டைக் காலிபண்ணிக் கொண்டுவந்து அடுக்கினாற்போல் இருக்கும். விளக்கு ஆள் அசைந்தால்தான் எரியும். பொறியைப் பார்த்தபடி கொஞ்சம் அசையாமல் இருந்தால் அணைந்துவிடும். இருட்டில் கையை ஆட்டியபடி நிற்பேன். பயமில்லை என்று காட்ட வாய்விட்டுக் கதைப்பேன், அதுவும் தமிழில். என் பகிடிகளுக்கு எதிர்க்கதை சொல்லாத இடம் உலகத்தில் அது ஒன்றுதான்.

கதவுக்குப் பக்கத்துத் தட்டில், கண் உயரத்தில், ஒரு சாம்பல் நிற மட்டைப்பெட்டி. அதில் ஒட்டிய துண்டில் 'கிளிமஞ்சாரோ' என்று மட்டும் எழுதியிருக்கும். உள்ளே முகமூடியாக்கும் என்று நினைத்தேன். வேலை முடிந்து வெளியே வரும்போது கடைசியாகக் கண்ணில் படுவது அதுதான் என்பதால், போய்விட்டு வருகிறேன் என்று எங்கள் வழக்கப்படி சொல்லிவிட்டு வருவேன்: "அப்ப அண்ணை, போட்டு வாறன்."

பூச்சி எண்ணத் தொடங்கியதிலிருந்து இப்படி மூன்று வருடம்.

அந்த மூன்று வருடத்திலும் வீட்டில் இரண்டு விஷயங்கள் நடந்தன. எங்கள் கட்டடத்தின் மாடிப்படி விளக்கும் ஆள் அசைந்தால் எரிகிற சாதிதான். வெள்ளிக்கிழமைகளில் நான் இரண்டாம் மாடிக்கு ஏறிய பிறகு, கீழ்மாடி விளக்கு அணைந்து, மறுபடியும் எரியும். எட்டிப் பார்த்தால் ஒருவரும் இல்லை. பிறகு முதலாம் மாடி விளக்கு எரியும். மின்சாரக் கோளாறு என்று வீட்டுக்காரருக்குக் கடிதம் போட்டேன். வந்து பார்த்தவர், கோளாறு எதுவும் இல்லை என்று எழுதித் தந்துவிட்டுப் போனார்.

மற்றது தேநீர். வெள்ளிக்கிழமை மட்டும் மனைவி இரண்டு கோப்பை கொண்டுவந்து வைப்பாள். அவள் தேநீர் குடிப்பதில்லை.

"ஆருக்கு மற்றது?"

"உங்களோட ஆரோ வந்த மாதிரிக் கிடந்துது. அதுதான் ஊத்திப்போட்டன். இப்ப என்ன, ரெண்டையும் குடியுங்கோவன். வேண்டாம் எண்டு சொல்லுற வாயே அது?"

இரண்டையும் குடித்தேன். எனக்கு இலவசமாக எது வந்தாலும் ஆராய்ச்சி செய்கிற பழக்கம் இல்லை.

போன மாரியில் ஒரு நாள் என் மேலாளர் கூப்பிட்டார். நல்ல மனிதர். என் ஜெர்மன் மொழியைப் பதினொரு வருடமாகப் பொறுத்துக்கொண்டிருப்பவர். அந்தச் சாம்பல் பெட்டியைக் கேட்டு ஒரு குடும்பம் போட்ட அன்ட்ராக், அதாவது விண்ணப்பம், ஒப்புக்கொள்ளப்பட்டுவிட்டது என்றும், அடுத்த வெள்ளி வந்து கொண்டுபோகிறார்கள் என்றும் சொன்னார். "முகமூடியையா?" என்றேன். அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார்.

"அது முகமூடி இல்லை. அது ஒரு மனிதரின் தலை."

கிளிமஞ்சாரோவைத் தங்கள் நாட்டின் ஆக உயரமான மலை என்று இந்த ஜெர்மன்காரர்கள் சொல்லிக்கொண்ட காலம் ஒன்று இருந்தது. அந்த மலையடிவாரத்தில் பணிய மறுத்த ஒரு தலைவரை மரத்தில் தூக்கிலிட்டார்கள். உடலை அங்கே விட்டு, தலையை மட்டும் ஆராய்ச்சிக்கென்று இங்கே அனுப்பினார்கள். அது நடந்து நூறு வருடத்துக்கு மேலாயிற்று.

வீட்டுக்கு வந்து சொன்னேன். மனைவி கையிலிருந்த வெங்காயத்தை வைத்துவிட்டு நிமிர்ந்தாள்.

"சாவீட்டிலயிருந்து வெளிக்கிடேக்க ஆரும் சொல்லிக்கொண்டு வாறதே? வாய் பொத்திக்கொண்டெல்லே வரவேணும்! நீங்கள் செத்தவருக்கு மூண்டு வரியமாப் போட்டு வாறன், போட்டு வாறன் எண்டு சொல்லியிருக்கிறியள். அந்தாள் தன்னையும் கூப்பிடுறான் எண்டெல்லே நினைச்சிருக்கும்?"

"அந்தாளுக்குத் தமிழ் விளங்குமே?"

"விளங்கினபடியாத்தானே வந்து தேத்தண்ணி குடிக்குது."

"தேத்தண்ணி குடிச்சது நான்."

"உங்களுக்கு அப்பிடித் தெரியுது."

அதற்குப்பின் அந்த வீட்டில் நான் முதுகைச் சுவரில் சாய்த்தபடிதான் இருந்தேன்.

வியாழக்கிழமை அந்தக் குடும்பத்துப் பெண் ஒருவர் எங்கள் களஞ்சியத்துக்கு வந்தார். தலைவரின் பேத்தியின் பேத்தி, முப்பது வயதிருக்கும். இங்கே ஆஹென் நகரில் பொறியியல் படித்தவர், அதனால் அவருடைய ஜெர்மன் என்னுடையதைவிட நான்கு மடங்கு சுத்தம். இங்கே ஆறு வருடம் படித்தபோது, தங்கள் தாத்தா ரயிலில் சில மணி நேரத் தூரத்தில் ஒரு தட்டில் இருக்கிறார் என்று அவருக்குத் தெரிந்திருக்கவில்லை. அவர்களுடைய வீட்டு வழக்கப்படி, எடுத்துப் போகுமுன் பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டும். தனியே உள்ளே போய்க் கதவைச் சாத்தினார். அரைமணி கழித்து வெளியே வந்து மேலாளரிடம் சொன்னார்:

"எலும்பு இருக்கிறது. அவர் இல்லை."

மேலாளர் காகிதங்களைத் தூக்கிக் காட்டினார். எல்லாம் சரிபார்த்தாயிற்று என்றார்.

"காகிதம் சரி. ஆள் பேசாத வீட்டுக்கும் ஆள் இல்லாத வீட்டுக்கும் வித்தியாசம் தெரியாதா? நாளை மத்தியானம் வாகனம் வருகிறது. அங்கே அந்த மரத்தடியில் குழியைத் திறந்து வைத்துக்கொண்டு காத்திருக்கிறார்கள். வெறும் எலும்பை வைத்து மூடிவிட்டால், பிறகு அவரைத் தேடிக்கொண்டு யார் வருவார்கள்?" பிறகு என் பக்கம் திரும்பினார். "அவரோடு இங்கே யாராவது பேசினீர்களா?"

மேலாளரும் திரும்பினார். பொறியில் ஒட்டிய வண்டு நான்தான் என்று அப்போது விளங்கியது.

எல்லாவற்றையும் சொன்னேன். விளக்கு, தேநீர், மனைவி ஏசியது எல்லாம். அந்தப் பெண் சிரிப்பார் என்று எதிர்பார்த்தேன். சிரித்திருந்தால் எவ்வளவு ஆறுதலாக இருந்திருக்கும். அவர் சிரிக்கவில்லை.

"நீங்கள் கூப்பிட்டீர்கள். அவர் வந்தார். நாளை அழைத்து வாருங்கள். ஒவ்வொரு திருப்பத்திலும் வழி சொல்லுங்கள், இல்லாவிட்டால் நின்றுவிடுவார்."

வெள்ளி காலை என் வீட்டு வாசலில் நின்று, ஒருவரும் இல்லாத வரவேற்பறையைப் பார்த்து, "அண்ணை, வெளிக்கிடுவம்" என்றேன். மனைவி சிரிக்கவில்லை. கதவை வழக்கத்தைவிடக் கொஞ்சம் அகலமாகத் திறந்து பிடித்தாள்.

"இதில படி இருக்கு அண்ணை." நான் கீழே வந்துவிட்டேன். மேலே முதலாம் மாடி விளக்கு அணைந்து மறுபடி எரிந்தது. "இதால வலப்பக்கம்." "இது பாலம்." "இப்ப ரயில் ஏறுறம்." பயணிகள் என்னைப் பார்த்தார்கள். காதில் ஏதோ செருகித் தொலைபேசியில் கதைக்கிறான் என்று நினைத்திருப்பார்கள். நான் யன்னலோரம் விட்டு ஓரத்தில் இருந்தேன். ஒரு முதியவர் வந்து யன்னலோர இருக்கையைக் காட்டி, அது காலியா என்று கேட்டார்.

நான் வாயைத் திறக்குமுன் இருக்கையைக் குனிந்து பார்த்தார். "மன்னியுங்கள், கவனிக்கவில்லை" என்று சொல்லிவிட்டு அடுத்த பெட்டிக்குப் போனார். இறங்கும்வரை நான் யன்னல் பக்கம் திரும்பவில்லை.

களஞ்சியத்தில் அந்தப் பெண் தட்டின் அருகே காத்திருந்தார். "அண்ணை, உங்கட ஆக்கள் வந்திருக்கினம்" என்றேன். அவர் தன் மொழியில் ஒரு பெயரைச் சொன்னார். மூன்று முறை. மூன்றாவது முறை சொன்னதும் விளக்கு அணைந்தது. நாங்கள் அசையாமல் நின்றிருந்தோம். என் இடது தோளில் நெடுநாள் தொங்கிய பை ஒன்றை யாரோ மெல்லக் கழற்றி எடுத்தாற்போல் இருந்தது. நாங்கள் இருவரும் அசையவில்லை. விளக்கு எரிந்தது. அவர் அழுதுகொண்டே பெட்டியைத் தூக்கினார்.

வாகனத்தின் பின் இருக்கையில் பெட்டியை மடியில் வைத்து, பக்கத்தில் ஓர் ஆளுக்கு இடம் விட்டு ஒதுங்கி இருந்தார். என் நாக்கு நுனியில் அந்தச் சொல் வந்து நின்றது. இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு, ஒரு சொல்லும் சொல்லாமல், திரும்பிப் பார்க்காமல் உள்ளே வந்தேன். பிறந்ததிலிருந்து நான் அவ்வளவு நேரம் பேசாமல் இருந்ததில்லை.

அன்று பின்னேரம் இரண்டாம் மாடியில் நின்று கீழே பார்த்தேன். விளக்கு அணைந்தது. அணைந்தபடியே இருந்தது. மனைவி ஒரு கோப்பைதான் வைத்தாள். குடிக்க ஏனோ மனம் வரவில்லை.

அடுத்த வெள்ளி மறுபடியும் பொறி பார்க்கப் போனேன். கண் உயரத்துத் தட்டு வெறுமை. வெளியே வரும்போது பழக்கதோஷத்தில் வாய் பாதி திறந்துவிட்டது. அப்போதுதான் மேல்தட்டைப் பார்த்தேன். அதே சாம்பல் நிறத்தில், அதே அளவில், இன்னும் ஏழு பெட்டிகள்.

அவற்றுக்குள் என்ன இருக்கிறது என்று மேலாளரிடம் நான் இன்னும் கேட்கவில்லை. வாயை மூடிக்கொண்டு கதவைப் பூட்டினேன். பூட்டிய பிறகும் கொஞ்ச நேரம், கதவின் அடியால், உள்ளே விளக்கு அணைந்து, மறுபடி எரிவது தெரிந்தது.