தம்பி குளித்த படம்

எங்கள் தேயிலைத் தோட்டத்துக்கு ஒரு வெள்ளைக்காரர் மூன்று கால் பெட்டியோடு வந்தபோது எனக்கு ஏழு வயது. அப்புத்தளை ஸ்டேஷனிலிருந்து அதை நான்கு பேர் மாறி மாறிச் சுமந்து வந்தார்கள். பிடியைச் சுற்றினால் எதிரே நடப்பதெல்லாம் பெட்டிக்குள் போய்விடும் என்றார் கணக்கப்பிள்ளை. நான் பயந்து அப்பாவின் பின்னால் ஒளிந்தேன்.

கங்காணியான பெரியப்பா மட்டும் கோட்டும் தலைப்பாகையுமாக வந்து பெட்டிக்கு நேரே நின்றார். வெள்ளைக்காரர் அவருக்குக் கும்பிடு போட்டுவிட்டுப் பெட்டியை நாங்கள் குடியிருந்த லயத்துப் பக்கம் திருப்பினார். அங்கே, தண்ணீர் கொட்டும் பீலியடியில், அம்மா கால் நீட்டி உட்கார்ந்து கைக்குழந்தையான தம்பியைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தாள்.

"இதப் போயி எதுக்குங்க?" என்று வெட்கப்பட்டாள்.

"அன்னாடம் நடக்கிறதுதான் தொரைக்கு வேணுமாம். நீ பாட்டுக்குக் குளிப்பாட்டு" என்றார் கணக்கப்பிள்ளை.

அந்த மழைக்காலத்தில் தம்பிக்குக் காய்ச்சல் கண்டது. மூன்றாம் நாள் அப்பா அவனைத் துணியில் சுற்றி மலைக்கு அப்பால் தூக்கிப் போனார், வெறுங்கையோடு திரும்பினார். அம்மா மறுவாரமே கொழுந்து பறிக்கப் போனாள். பேச்சுத்தான் நின்றுபோயிற்று.

தை பிறந்ததும் வெள்ளைக்காரர் அதே பெட்டியோடு மறுபடி வந்தார். ஒரு ஞாயிறு மத்தியானம் தேயிலை ஸ்டோரின் ஜன்னல்களைச் சாக்கால் மூடி, எதிரே வெள்ளை வேட்டி ஒன்றைக் கட்டினார்கள். பெட்டிக்குப் பின்னால் விளக்கு எரிந்தது, பிடி சுற்றியது. வேட்டியில் எங்கள் மலை வந்தது. அதன்மேல் பனி நகர்ந்தது! கூடையோடு பெண்கள் இறங்கி வந்தார்கள். கூட்டம் ஓவென்று கத்தியது.

அடுத்து பீலி வந்தது. அம்மாவின் காலில் கிடந்து தம்பி தண்ணீரை உதைத்தான். பொக்கை வாய் திறந்து சிரித்தான்.

அம்மா எழுந்து வேட்டிக்கு அருகே போய் நின்றாள்.

"இன்னொரு வாட்டி காட்டச் சொல்லுங்கய்யா."

காட்டினார். மறுபடி கேட்டாள். மறுபடியும் காட்டினார். நான்காவது முறை அவள் கேட்காமலே அவர் பிடியில் கை வைத்தபோது, அம்மா தடுத்தாள்.

"போதுங்க. ரொம்ப நேரமாத் தண்ணியில கெடக்கான். புள்ளைக்குக் குளிரும்."

எனக்கும் அது சரியென்றே பட்டது. சாமியிடம் போய்விட்டதாக எல்லாரும் சொன்ன தம்பி இந்தப் பெட்டிக்குள்தான் இருந்திருக்கிறான்! லயத்துக்கு ஓடிப்போய்க் கொடியில் கிடந்த துண்டை எடுத்து வந்து வெள்ளைக்காரரிடம் நீட்டினேன்.

"சீக்கிரம் தொடச்சி வுடுங்க தொரை" என்றேன்.

கணக்கப்பிள்ளை அதை அவருக்குத் தாழ்ந்த குரலில் சொன்னார். அவர் துண்டை இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டார். பெட்டியைத் திறப்பார் என்று நான் காத்திருந்தேன். திறக்காமல், அந்தத் துண்டில் அவர் ஏன் தம் முகத்தைப் புதைத்துக்கொண்டார் என்பது அன்று எனக்கு விளங்கவில்லை.