லேலானிக்கு மாலை கட்டின கதை

பூமாலை கட்டுறது கைத்தொழில் எண்டு சனம் நினைக்குது, உண்மையில அது காதுத்தொழில்.

கலியாணமோ, கோயிலோ, சாமத்தியவீடோ, செத்தவீடோ, எதுக்கு மாலை கேட்டு வந்தாலும் மாலையைப் பற்றி ரெண்டு வசனம்தான் கதைப்பினம். மிச்சம் முழுக்கக் குடும்பக் கதை. சம்பந்தி என்ன சொன்னவர், மருமகள் எப்பிடி முகத்தை நீட்டினவ, ஆர் ஆரோட கதைக்கிறேல்லை, எல்லாத்தையும் பூக்கட்டுறவன் ஊசியும் கையுமா இருந்து கேக்கவேணும். நீங்கள் தலைமயிர் வெட்டுறவரோ, வீடியோ எடுக்கிறவரோ, கேக் அடிச்சு விக்கிறவவோ, சனத்தோட மாரடிச்சு உழைக்கிற ஆள் எண்டால் உங்களுக்கு இதை விளங்கப்படுத்தத் தேவையில்லை.

நான் கெபெக்கில, பியர்பொன்ட்ஸில என்ர வீட்டுக் கராஜுக்குள்ள ஹீற்றரைப் போட்டுக்கொண்டு கன வருசமா மாலை கட்டுறன். பெரிய பெரிய மணவறை எல்லாம் சத்தமில்லாமல் முடிஞ்சிருக்கு. போன வின்ரரில ஒரு சின்னப் பிள்ளையின்ர தொட்டிலுக்கு ஒரு சின்ன மாலை கட்டினன் பாருங்கோ, அதுதான் என்ர உயிரை எடுத்தது.

நான் மாலைக்காரனாம்

புரோசார்டில இருந்து தாரணி எண்ட பிள்ளை போன் எடுத்தவ. அவவின்ர கலியாண மாலையும் நான்தான் கட்டினது. பொம்பிளைப் பிள்ளை பிறந்திருக்கு, பேர் வைக்கிற முப்பத்தொண்டாம் நாள் வருது, வீட்டோட சின்னனாச் செய்யிறம், தொட்டிலுக்கு மாலை வேணும் எண்டா. நல்லது எண்டன். "சாதாரண மாலை இல்லை அண்ணை, ஹவாய் மாலை" எண்டா. ஏன் பிள்ளை எண்டு கேட்டது என்ர பிழை. பிள்ளைக்கு லேலானி எண்டு பேர் வைக்கப்போகினமாம். சாத்திரியார் பரணி நட்சத்திரத்துக்கு லி, லு, லே, லோ எண்டு நாலு எழுத்துக் குடுத்திருக்கிறார். அந்த எழுத்துகளில தமிழ்ப்பேர் தேடிக் களைச்சுப்போய், பால் குடுக்கேக்க போனில தட்டிப் பார்த்திருக்கிறா. ஹவாய்க்காரரின்ர பேர் ஒண்டு வந்திருக்கு. சொல்லவும் வடிவாம், நாளைக்குக் கார்டெரியில பிள்ளை பாக்கிற பிரெஞ்சுக்காரிக்கும் வாய்க்குள்ள வருமாம்.

பிரச்சினை மாமனார். புருசன் சுதனின்ர தகப்பன் ராசலிங்கம் அண்ணை தன்ர தாயின்ர பேரை வைக்கவேணும் எண்டு நிக்கிறார். லோகாம்பிகை. அதுவும் சாத்திரியார் குடுத்த எழுத்துத்தான், அதால சாத்திரியாரைக் கேட்டும் பிரயோசனமில்லை. அவையின்ர குடும்பத்தில தகப்பனின்ர தகப்பன்தான் பிள்ளையை மடியில வைச்சு, காதில மூண்டு தரம் பேரைச் சொல்லுறது. லேலானி எண்டால் தான் வரமாட்டன் எண்டு சொல்லிப்போட்டார். தாரணியின்ர தாய் தகப்பன் ஊரில. இஞ்ச பெரியாள் எண்டு இருக்கிறது இந்த ஒரு மனிசன்தான். "மாமா வராட்டி என்ர பிள்ளைக்கு ஆர் அண்ணை பேர் சொல்லுறது?" எண்டு கேக்கேக்க அவவின்ர குரல் கொஞ்சம் உடைஞ்சுதான் போச்சு. எனக்கும் ஒரு மாதிரித்தான் இருந்தது. என்ன செய்யலாம் எண்டு நான் யோசிக்க முதலே தாரணி யோசிச்சு முடிச்சிட்டா.

"லே எண்டால் மாலையாம், லானி எண்டால் வானமாம். நீங்கள் மாலைக்காரர்தானே அண்ணை, அர்த்தத்தை நீங்களே மாமாவுக்கு விளங்கப்படுத்துங்கோவன்!"

கடற்கரைச் சட்டை

ராசலிங்கம் அண்ணை நோத்ர-டாம்-த-கிரேஸில ஒரு அப்பார்ட்மென்ரில தனிய இருக்கிறார். மனிசி செத்துக் கன காலம். வெள்ளிக்கிழமை நான் கோயிலுக்குப் பூக் கொண்டுபோகேக்க அவர் செருப்புத் தட்டுக்குப் பக்கத்தில நிப்பார். அண்டைக்கும் நிண்டார். எனக்கு முதலே ஆரோ கதையைக் காவிக்கொண்டு போயிருக்கினம்.

"நீர்தானோ ஹவாய் மாலை கட்டப்போறீர்?" எண்டார். நான் பூப்பெட்டியைக் கட்டிப்பிடிச்சுக்கொண்டு, அண்ணை, அது நல்ல பேர், வானத்து மாலை எண்டு அர்த்தமாம் எண்டன். மனிசன் என்னை மேலையும் கீழையும் பார்த்தார். லோகாம்பிகை எண்டால் உலகத்துக்கே தாய், அதுக்கு மேல உமக்கு என்ன அர்த்தம் வேணும் எண்டு கேட்டார். எனக்கு ஒரு அர்த்தமும் வேண்டாம், நான் பூக்குடுக்க வந்தனான் எண்டு சொல்ல வாய் வந்தது. ஐயர் உள்ளுக்கு மணி அடிக்கிறார், பூ இன்னும் போகேல்லை. ராசலிங்கம் அண்ணை வழியை விட்டாரில்லை.

"ரிவியில பாக்கிறனான்தானே ஐசே. கடற்கரையில பூப்போட்ட சட்டையோட நிண்டு ஆடுற ஊர் அது. சட்டையைப் பாத்து ஆராவது பிள்ளைக்குப் பேர் வைப்பினமோ?"

ரெண்டு பேருக்கும் ஓம்

வந்த கோவத்துக்கு அந்தப் பேரின்ர அர்த்தத்தை நானே தேடிப் பார்த்தன். ஒரு இடத்தில வானத்துப் பூமாலை எண்டு கிடக்கு. இன்னொரு இடத்தில அரச குழந்தை. இன்னொண்டில சொர்க்கத்துப் பூ. நான் இஞ்ச வந்து இரவுப் பள்ளிக்கூடத்தில பிரெஞ்சும் கணக்கு வைக்கிறதும் படிச்சனான். கணக்கில ஒரு கேள்விக்கு ஒரு விடைதான். இது என்ன சீவியம் எண்டு போனை மூடி வைச்சன்.

மூடின போன் அடிச்சுது. தாரணியின்ர புருசன் சுதன். றெயினுக்குள்ள நிண்டு குசுகுசுக்கிறான். ஒரு வீட்டில மனிசி, மற்ற வீட்டில தகப்பன், நடுவில இருக்கிற றெயினில மட்டும்தான் அவனுக்கு நிம்மதி போல. அப்பாவோட நல்லாக் கதைச்சனான், தாரணியோடயும் நல்லாக் கதைச்சனான், ரெண்டு பேருக்கும் சந்தோசம் எண்டான். அட, பரவாயில்லையே, முடிவு என்ன எண்டு கேட்டன்.

"ரெண்டு பேருக்கும் ஓம் எண்டு சொல்லிப்போட்டன் அண்ணை, இனி நீங்கள்தான் பாத்துச் செய்யவேணும்."

கோட்டுப் போட்ட ஹவாய்க்காரி

தொட்டில் எங்க வைக்கினம் எண்டு பார்க்க புரோசார்டுக்குப் போனன். அங்க குசினி மேசையடியில வெள்ளைக்காரியும் இல்லாத, எங்கட ஆளும் இல்லாத ஒரு மனிசி, வீட்டுக்குள்ளயும் கோட்டைக் கழட்டாமல் இருக்கிறா. தாரணி வேலை செய்யிற கார்டெரியில கூட வேலை செய்யிறவவாம், பேர் மலியா. பிறந்தது ஹவாய். கெபெக்காரன் ஒருத்தனை நம்பி இஞ்ச வந்து குளிருக்குள்ள மாட்டுப்பட்டவ. தாரணிக்கு சூப் காய்ச்சிக்கொண்டு வந்திருக்கிறா. எனக்குப் பெரிய ஆறுதல். இந்த அர்த்தச் சுமையை இறக்கி வைக்கக் கடைசியா ஒரு ஆள் கிடைச்சிட்டுது.

நான் மாதிரிக்குக் கட்டிக்கொண்டுபோன மாலையைக் காட்டினன். ஊதா ஓர்க்கிட், இடைக்கிடை வெள்ளிச் சரிகை, அடியில குஞ்சம். மலியா சரிகையை உருவி மேசையில வைச்சா. பேந்து குஞ்சத்தையும் வெட்டினா. கட்டினவன் முன்னால நிக்கிறன். "மன்னிக்கவேணும் முசியே, பூவே போதும்" எண்டா. அதுக்குப் பிறகு பிரெஞ்சில சொன்னதை நான் தமிழில சொல்லுறன். லே எண்டால் மாலைதான். ஆனால் அவையின்ர பாட்டுகளில பிள்ளையையும் லே எண்டுதான் சொல்லுவினமாம், பிள்ளை ரெண்டு கையாலயும் கழுத்தைக் கட்டிக்கொண்டு தொங்குறதால. லானி எண்டால் வானம், முந்திப் பெரிய தலைவர்மாரையும் அப்பிடித்தான் சொல்லுறதாம். தலைவர்மாருக்கு இருந்த பேரை இப்ப எல்லாரும் வைக்கினமாம், அதில குற்றமில்லையாம்.

தாரணிக்குச் சந்தோசம் தாங்கேல்லை, பாத்தீங்களே அண்ணை எண்டு என்னைப் பார்க்கிறா. மலியா விட்டாவில்லை. எங்கட ஆக்கள் பேரைக் கண்டபாட்டுக்கு எடுக்கிறேல்லை எண்டா. வீட்டில பெரியாள் குடுக்கவேணுமாம். சிலருக்குக் கனவில வருமாம், அப்பிடி வந்த பேரை வைக்காமல் விட்டால் பிள்ளைக்குக் கூடாதாம். அப்ப இந்தப் பேரை ஆர் குடுத்தது எண்டு கேட்டா. தாரணி மேசையில கிடந்த போனைப் பார்த்தா. மலியாவும் போனைப் பார்த்தா.

"போனைக் கேட்டிருக்கிறாய். பிள்ளையின்ர அப்பப்பாவைக் கேட்டனியோ?"

நடுவில நான்

ரெண்டு நாள் கழிச்சு ராசலிங்கம் அண்ணை ரெண்டு பஸ் மாறி, ஸ்னோவுக்குள்ளால பியர்பொன்ட்ஸுக்கு வந்து இறங்கினார். எதுக்கு எண்டு சொல்லேல்லை. நனைஞ்ச பூட்ஸை ஹீற்றருக்குக் கிட்ட வைச்சிட்டு, கதிரையில இருந்து, நான் கட்டுறது எந்தப் பேருக்கான மாலை எண்டு கண்டுபிடிக்கப் பார்க்கிற மாதிரி என்ர கையையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்த நேரம் பார்த்து தாரணி வீடியோவில வாறா, பூ நிறம் பார்க்க. மனிசன் இருக்கிறது தெரியாமல் நான் போனைத் திருப்பினன். மனிசன் இருமிப்போட்டார். "மாமாவோ அண்ணை? அவரிட்டக் குடுங்கோ" எண்டா. அவர் வாங்கமாட்டன் எண்டு கையைக் கட்டினார். பேந்தென்ன, ஒரு கையில ஊசி, மற்றக் கையில போனைப் பிடிச்சுக்கொண்டு நான் நிண்டன். கை உளையுது.

தாரணிதான் துவங்கினா. "மாமா, உங்களைக் கேக்காமல் நான் பேர் எடுத்தது பிழை. பேர் நீங்கள்தான் தரவேணும். லோகாம்பிகை எண்டாலும் சரி. காதில நீங்கள் என்ன சொல்லுறீங்களோ அதுதான் என்ர பிள்ளையின்ர பேர். நீங்கள் வாங்கோ மாமா." மனிசன் நிலத்தைப் பார்த்தார். அவ்வளவு நாளா லேலானி லேலானி எண்டு நிண்ட பிள்ளை அதை விட்டிட்டுது. உந்தப் பேருக்கு என்ன அர்த்தம் எண்டு சொன்னனீர் எண்டு என்னைக் கேட்டார். தாரணி முந்திக்கொண்டு, மலியா சொன்னதை, கழுத்தைக் கட்டிக்கொண்டு தொங்குற பிள்ளை எண்டதைச் சொன்னா. மனிசனின்ர கை தன்ர மஃப்ளருக்குப் போச்சு. "சுதன் அப்பிடித்தான். நாங்கள் இருந்தது மூண்டாம் மாடி, லிஃப்ற் இல்லை. கார்டெரியால கூட்டிக்கொண்டு வந்தால் படி முழுக்க என்ர கழுத்தில தொங்கிக்கொண்டுதான் வருவான். மூச்சு விட விடான்" எண்டார், தாரணிக்கு இல்லை, ஹீற்றருக்கு.

போன் வைச்ச பிறகு, சரி, ஒரு முடிவு வந்திட்டுது எண்டு நினைச்சு, அப்ப என்ன பேர் அண்ணை எண்டு மெல்லக் கேட்டன். பூட்ஸைப் போட்டுக்கொண்டே சொன்னார்.

"நீர் உம்மட பூவைக் கட்டும்."

முப்பத்தொண்டு

தொட்டில் பார்க்கப் போனண்டே, அதில பேர் எழுத்து ஒட்டவேணும் எண்டு சுதன் கேட்டவன். எந்தப் பேரை ஒட்ட எண்டு கேட்டன். அவன் வேற அறைக்குப் போயிட்டான். வெளியில விறைக்கிற குளிர். பூ கறுத்துப்போகாமல் காருக்குள்ள ஹீற்றரை முழுக்கப் போட்டு, நான் வேர்த்து ஒழுகிக்கொண்டு புரோசார்டுக்கு வந்தன். ராசலிங்கம் அண்ணை வந்திருந்தார், வேட்டி சால்வையோட. தாரணி சீலைத் தலைப்பை முறுக்கிக்கொண்டு நிக்கிறா. மலியா என்ர கையில இருந்த மாலையை வாங்கினா. தொட்டிலுக்குப் போகேல்லை. முதல் மாலை பேர் குடுக்கிறவருக்கு எண்டு சொல்லி, நேரா ராசலிங்கம் அண்ணையின்ர கழுத்தில போட்டு, கன்னத்தில ஒரு கொஞ்சல் குடுத்தா. அது அவையின்ர முறையாம். சொந்தக்காரர் எல்லாரும் வாயை மூட மறந்து நிக்கினம். மனிசன் மாலையைக் கழட்டக் கையைத் தூக்க, குடுத்த ஆளுக்கு முன்னால கழட்டுறது மரியாதை இல்லை எண்டு மலியா சொல்லிப்போட்டா. தூக்கின கையை அவர் மெல்ல இறக்கி, கன்னத்தை மட்டும் ஒருக்காத் தொட்டுப் பார்த்தார்.

பிள்ளையை மடியில வைச்சினம். அவர் குனிய, மாலை பிள்ளையின்ர நெஞ்சில விழுந்தது. பிள்ளை ஒரு பூவைப் பிடிச்சுக்கொண்டு விடேல்லை. அவரால நிமிரவும் ஏலாது. அப்பிடியே குனிஞ்சபடி காதில மூண்டு தரம் சொன்னார். ஒருத்தருக்கும் கேக்கேல்லை. தாரணி கிட்டப்போய், "மாமா, என்ன பேர் சொன்னனீங்கள்?" எண்டு கேட்டா. மனிசன் இது என்ன கேள்வி எண்ட மாதிரிப் பார்த்தார். "லேலானி. லோகாம்பிகை என்ர அம்மா. அவ ஒராள்தான்" எண்டார். தாரணி அந்த இடத்திலயே இருந்து அழத் துவங்கினா. சுதன் இந்த முறையும் ரெண்டு பேரையும் பார்த்து ஓம் எண்டு தலையாட்டினான்.

இதோட கதை முடிஞ்சிருக்கவேணும். சாப்பாட்டு நேரம் நான் பெட்டிகளை அடுக்கிறன், ராசலிங்கம் அண்ணை சோத்துக் கோப்பையோட சபை நடத்துறார். தான் கன நாளா யோசிச்சு, ஆராய்ஞ்சு குடுத்த பேராம். ஹவாய் எண்டால் சும்மா இல்லையாம். சட்டையைப் பற்றி ஒரு கதையும் இல்லை. நான் கதவடிக்குப் போக, மாலையில சாம்பார் படாமல் அதை ஒரு கையால தூக்கிப் பிடிச்சுக்கொண்டு பின்னால வந்தார். நன்றி சொல்லத்தான் வாறார் எண்டு நினைச்சு நிண்டன்.

"நான் குடுத்தது ராசாக்களின்ர பேர் ஐசே, அதுக்குத் தக்க மாதிரி மாலையை இன்னும் கொஞ்சம் தடிப்பாக் கட்டியிருக்கலாம்."

அந்த வின்ரருக்குப் பிறகு எனக்கு வாற போனில பாதிப்பேருக்கு மாலை வேண்டாம், பிள்ளைக்கு ஒரு பேரும் அதுக்கு மாமனார் ஒத்துக்கொள்ளுற மாதிரி ஒரு அர்த்தமும் தந்தால் போதுமாம்.