இருசப்பன் கையில் இருந்த துண்டு

மருந்து வைத்தார்களாம், மருந்து! குழாயடியில் நின்றுகொண்டு ராணியம்மாள் ஊருக்கே சொல்லிக்கொண்டிருக்கிறாள். "அந்த வெள்ளைக்காரி காப்பியில மருந்து வெச்சிக் குடுத்துட்டா. இல்லன்னா தலைவர் வூட்டு வாசல்ல நின்ன ஆளு அப்படி வெளிய வருவானா?" என்கிறாள். பக்கத்தில் இருந்தவள், இருசப்பன் எதையோ திருடிவிட்டான், அதனால்தான் துரத்திவிட்டார்கள் என்று சேர்த்துச் சொல்கிறாள்.

"ஏண்டி, அந்தக் காப்பியப் போட்டதே நான்தான். மருந்து வெச்சிருந்தா நான்தான் வெச்சிருக்கணும்" என்று கேட்டேன். வாயை மூடிக்கொண்டாள். நாளைக்கு மறுபடியும் திறப்பாள். அதனால் நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். தினமும் காலையில் தலைவர் வீட்டு வாசலைத் தெளித்துவிட்டு, அதன் பிறகு செங்கம் ரோட்டில் வெள்ளைக்காரம்மா வீட்டு வேலைக்குப் போகிறவள் நான். இரண்டு வீட்டிலும் நடந்ததைக் கண்ணால் பார்த்தவள் நான் ஒருத்திதான்.

இருசப்பன் என் சித்தப்பா மகன். அடி அண்ணாமலையில் ஏரிக்குக் கீழே அவனுக்கு அரை ஏக்கர் நிலம். எமர்ஜென்சிக்கு முன்னால் ஒரு வருஷம் மழை கம்மி. அப்போது பஞ்சாயத்துத் தலைவராக இருந்த சக்கரபாணி மடைக்குக் குறுக்கே மண்ணைப் போட்டு, ஏரித் தண்ணீரைத் தன் தென்னந்தோப்புக்குத் திருப்பிக்கொண்டார். யாருக்கும் கேட்க வாய் வரவில்லை. இருசப்பன்தான் மண்வெட்டியோடு போய் அந்த மண்ணை வெட்டித் தள்ளினான். அதற்குப் பிறகுதான் ஊரே அவன் பின்னால் போய் நின்றது. தலைவர் வந்தார், கூட்டத்தைப் பார்த்தார், சிரித்துக்கொண்டே திரும்பிப் போனார்.

மறுநாள் அவனுக்கு ஆள் அனுப்பினார். கையையோ காலையோ உடைக்கப் போகிறார் என்று நாங்கள் நடுங்கிக்கொண்டிருந்தோம். நடந்ததோ வேறு. முகம் கழுவிய தலைவர் ஈரக் கையை நீட்டி, "இருசா, துண்ட நீ குடு" என்றார். வாசலில் நின்றவர்கள் எல்லோரும் திகைத்துப்போனார்கள்.

திகைக்காமல் என்ன செய்வார்கள்? அந்த வீட்டில் காலை வேளை என்றால் கோயிலில் பூஜை நடப்பது போல. வேப்பங்குச்சி கொடுப்பவன் ஒருவன், தண்ணீர்ச் செம்பு சின்னசாமிக்கு, செருப்பை எடுத்து வைப்பவன் வேறொருவன். ஒருவன் வேலையை இன்னொருவன் தொட்டால் அடிதடிதான். தலைவர் யாரைப் பார்த்துச் சிரிக்கிறாரோ, அன்றைக்கு அவன் நடையே வேறு. பஞ்சாயத்துப் பதவி போன பிறகும் இந்த வழக்கம் மட்டும் மாறவில்லை.

அன்று முதல் துண்டு இருசப்பனுடையது. ஒரு நாள்கூடத் தவறமாட்டான். மடையில் மட்டும் பழையபடி மண் ஏறிக்கொண்டே வந்தது. அதை வெட்ட ஒரு ஆளும் இல்லை. அவன் பெண்சாதி திரௌபதி குடத்தில் தண்ணீர் மொண்டு கத்திரிச் செடிக்கு ஊற்றுவாள். "அண்ணி, உங்க தம்பி அங்க துண்டக் காயப்போடறாரு. இங்க பயிரு தானா காயுது" என்பாள். நிலத்தைக் குத்தகைக்கு விட்டுவிடலாம் என்றுகூட ஒரு நாள் அழுதாள்.

இந்தச் சமயத்தில்தான் வெள்ளைக்காரம்மா வீட்டுக் கூரையை வேய அவனைக் கூட்டிக்கொண்டு போனேன். அந்தம்மா பேர் சொலாஞ். பிரான்சு தேசம். பாண்டிச்சேரியில் தமிழ் படித்தவள். அவள் தேசத்துப் பழைய ராஜாவைப் பற்றி ஏதோ எழுதிக்கொண்டிருந்தாள். கூரைமேல் இருந்தபடியே இவன், "நாளைக்கு லேட்டாத்தான் வருவேம்மா. தலைவருக்குத் துண்டு குடுக்கணும், அது என் உரிமை" என்றான்.

எழுதிக்கொண்டிருந்தவள் எழுந்து வெளியே வந்துவிட்டாள். "துண்டு கொடுப்பது உரிமையா? எங்கள் ராஜா லூயிக்கும் இப்படித்தான். காலையில் அவர் எழுந்தால் சட்டை எடுத்துக் கொடுக்கப் பெரிய பெரிய பிரபுக்கள் போட்டி போடுவார்கள். அவருடைய சொந்தத் தம்பி இருந்தால் அவருக்குத்தான் அந்த மரியாதை" என்றாள்.

"ஏம்மா, அந்த ராஜாவுக்குக் கை இல்லையா?" என்று கேட்டேன். இருசப்பனுக்கோ தலைகால் புரியவில்லை. மறுநாள் தலைவர் வாசலில் எல்லோர் முன்னாலும், "பிரான்சு ராஜாவுக்குத் தம்பி சட்டை குடுப்பாராம். நம்ம தலைவருக்கு நான் துண்டு!" என்று சொன்னான். தலைவர் வயிறு குலுங்கச் சிரித்து, இன்னொரு தரம் சொல்லச் சொல்லிக் கேட்டார்.

அந்தச் சிரிப்போடுதான் மிச்சக் கூரையை வேய வந்தான். "அப்புறம் அந்த ராஜா கதை என்னம்மா?" என்றான்.

சொலாஞ்சம்மா காப்பியைக் கையில் வைத்துக்கொண்டு சொன்னாள். "அவர் சின்னப் பிள்ளையாக இருந்தபோது அந்தப் பிரபுக்கள் அவருக்கு எதிராகக் கத்தி தூக்கினார்கள். அரண்மனையை விட்டே ஓட வேண்டியிருந்தது. அதை அவர் மறக்கவே இல்லை. வளர்ந்ததும் யாரையும் வெட்டி ஒழிக்கவில்லை. பெரிய அரண்மனை கட்டினார், எல்லோரையும் கூப்பிட்டுப் பக்கத்தில் வைத்துக்கொண்டார். சட்டை யாருக்கு, மெழுகுவர்த்தி யாருக்கு என்று அவர்களுக்குள்ளேயே சண்டை. கத்தி தூக்க நேரம் ஏது? சொந்த ஊரில் நிலத்தை யார் பார்ப்பது?"

"வர மாட்டேன்னு சொன்னா?" என்று கேட்டான் இருசப்பன்.

"அப்படிப்பட்டவனுக்காக யாராவது உதவி கேட்டால், 'அவனா? நான் அவனைப் பார்ப்பதே இல்லையே' என்பார். அவ்வளவுதான். அவனுக்கு ஒன்றும் கிடைக்காது."

இருசப்பன் கையில் இருந்த கீற்றைக் கூரைமேலேயே போட்டுவிட்டான். ஏணியில் இறங்கி வந்து தரையில் உட்கார்ந்தவன் எழுந்திருக்கவே இல்லை. நான் அவனுக்குப் போட்டுக் கொடுத்த காப்பி ஆறிப்போய்விட்டது. அதில் ஒரு வாய்கூட அவன் குடிக்கவில்லை, ராணியம்மாளிடம் சொல்லுங்கள். "அக்கா, என்ன எதுக்குக் கூப்ட்டாருன்னு இப்பதான் தெரியுது" என்றான். எனக்கும் அப்போதுதான் தெரிந்தது.

மறுநாள் காலை நான் வாசல் தெளித்துக்கொண்டிருந்தேன். வந்தவன் மண்வெட்டியைக் கதவோரம் சாய்த்துவிட்டு, வழக்கம்போலத் துண்டை எடுத்துக்கொண்டு நின்றான். தலைவர் முகமெல்லாம் சோப்பு நுரை. கண்ணை மூடிக்கொண்டு கையை நீட்டினார்.

"தலைவரே, மடையில இருக்கற மண்ண எப்ப எடுப்பீங்க?"

சின்னசாமி செம்போடு ஒரு அடி பின்னால் நகர்ந்தான்.

"துண்டக் குடுடா."

"மொதல்ல பதில் சொல்லுங்க."

தலைவர் மூடிய கண்ணைத் திறக்காமலே, "யார்ரா பேசறது? இந்த ஆள நான் பார்த்ததே இல்லையே" என்றார்.

என் சாணிவாளி சாய்ந்து, வாசலெல்லாம் சாணித்தண்ணி ஓடியது. கடல் தாண்டி, முந்நூறு வருஷம் தாண்டி, அதே பேச்சு! இவருக்கு யார் சொல்லிக்கொடுத்தது?

இருசப்பன் என்னை ஒரு பார்வை பார்த்தான். பிறகு துண்டை மடித்துத் துவைக்கிற கல்மேல் வைத்தான். வைத்த கையை எடுப்பதற்குள் நாலு பேர் அதன்மேல் பாய்ந்தார்கள். சின்னசாமி ஒரு முனை, இன்னொருவன் ஒரு முனை. "வுடுறா, எனுது!" "செம்பு புடிக்கறவனுக்குத் துண்டு எதுக்குடா?" சோப்பு கண்ணில் இறங்கி, "தண்ணி! தண்ணி!" என்று தலைவர் கத்துகிறார். தண்ணீர் ஊற்ற ஒரு ஆள் இல்லை.

அந்த வாசலுக்குள் செருப்போடு யாரும் நின்றதில்லை. இவன் வெளியே கழற்றிப் போட்டிருந்த செருப்பை உள்ளே கொண்டுவந்து, எல்லோரும் பார்க்கக் காலில் மாட்டினான். மண்வெட்டியைத் தோளில் வைத்தான்.

"அக்கா, சாணித்தண்ணி மேல தெறிக்கப்போவுது, கொஞ்சம் நவுரு" என்று சொல்லிவிட்டுக் கதவைத் தாண்டி, ஏரிப் பக்கமாக நடந்தான்.