சாகத் தெரிந்த பிரதம விருந்தினர்

எங்கள் ஆட்களுக்கு விழா என்றால் பிரதம விருந்தினர் வேண்டும். பாட்டு, நாடகம் எல்லாம் அதற்குப் பிறகுதான். பொன்னாடை போர்க்க ஒரு தோள் கிடைத்துவிட்டால் போதும், எங்கள் தமிழ்ச் சங்கத்துக்குப் பிறவிப் பயன் கிடைத்த மாதிரி.

லண்டன் மனோர் பார்க்கில் நாங்கள் குடியிருந்த வீட்டின் மேல்மாடியில் ஒரு ரஷ்யர் வாடகைக்கு இருந்தார். லெனின்கிராட்டில் நாடக நடிகர். கதாநாயகன் அல்ல, குடிகாரக் காவலாளி, கோபக்கார மாமனார், பொய் சொல்லும் பாதிரி என்று சின்ன வேடங்களில் பேர் எடுத்தவர். கடைசியில் ஒரு பெரிய வேடம் கிடைத்ததாம்: மகனைக் காட்டிக்கொடுத்த தகப்பன், சாகும்போது அந்த மகனிடம் பேசும் நீண்ட வசனம். மேடையேறும் முன்பே நாட்டைவிட்டு வரவேண்டியதாகிவிட்டது. அதை ஒருமுறையாவது ஆட்கள் முன்னால் முழுக்கச் சொல்லவேண்டும் என்பதுதான் அவருடைய ஒரே ஆசை. தினமும் காலையில் குளியலறையில் சொல்லுவார். குழாய் வழியே அது கீழே இறங்கி, ரஷ்ய மொழி தெரியாத எனக்கே பாதி மனப்பாடம்.

லண்டன் அவருக்குக் கொடுத்தது நீளக் கோட்டும் கைத்துவக்கும். எண்பதுகளில் தொலைக்காட்சியில் ரஷ்ய உளவாளியாக அடிக்கடி வந்தார். ‘நில்’ என்பார், சுடுவார்கள், விழுவார். நான் தேநீரை வாயில் வைக்குமுன் ஆள் முடிந்துவிடும். சோவியத் உடைந்த பிறகு அந்தச் சாவும் குறைந்துபோனது.

என்னைக் கட்டின மனுசன் சங்கச் செயலாளர். “ரீவியில வாற ஆள் மேல்மாடியில இருக்கேக்க வேற ஆரைத் தேடுறது?” என்றார்.

“அந்தாள் தன்ர வசனத்தைச் சொல்லத்தான் ஆசைப்படுது. நேரம் குடுப்பியளோ?”

“ஓம், ஓம். வேண்டின அளவு பேசட்டும்.”

வாய் சர்க்கரை, கை கொக்கரை. எனக்குத் தெரியாதா!

வாடகைக்கு எடுத்த பள்ளிக்கூட மண்டபம். தலைவர் பேசினார், பொருளாளர் பேசினார், முன்னாள் தலைவர் தான் முன்னாள் ஆன கதையைப் பேசினார். ரஷ்யர் தேய்ந்த கறுப்புக் கோட்டில், தொண்டை கெட்டுவிடும் என்று எண்ணெயில் பொரித்த ஒரு ரோல்ஸைக்கூடத் தொடாமல் காத்திருந்தார். ஒருவழியாகக் கூப்பிட்டார்கள். அவர் வணங்கி வாயைத் திறக்க, என் மனுசன் மைக்கைப் பிடுங்கி, வாசலை மறித்து நிற்கும் காரை எடுக்கச் சொன்னார். பிறகு தலைவர் மணிக்கூட்டைப் பார்த்தார்.

“நேரம் போட்டுது. ரீவியில மாதிரி ஒருக்கால் செத்துக் காட்டச் சொல்லுங்கோ, காணும்.”

மண்டபம் கைதட்டியது. வெட்கம் கெட்டதுகள்! என் மனுசன் அதைச் சிரித்துக்கொண்டே ஆங்கிலத்தில் வேறு சொன்னார். முன்வரிசையில் இருந்த எனக்குத் தலையை எங்கே வைப்பதென்று தெரியவில்லை. ரஷ்யர் இறங்கிப் போய்விடுவார் என்றுதான் நினைத்தேன்.

அவர் தலையசைத்தார். நெஞ்சைப் பிடித்துக்கொண்டு முழங்காலில் விழுந்தார். எல்லோரும் சிரித்தார்கள். ஆனால் அவர் சாகவில்லை, பேசத் தொடங்கினார். முதல் வரியிலேயே எனக்கு விளங்கிவிட்டது. குளியலறை வசனம்!

இன்னொரு கார் நம்பரோடு என் மனுசன் மைக்குக்குப் போக, ரஷ்யர் அவருடைய வேட்டி நுனியை எட்டிப் பிடித்தார். இழுத்தால் வேட்டி போய்விடும். அறுவார், என் மனுசன், அப்படியே நின்றார். சாகிற தகப்பன் அவரை மகனாக்கி, முகத்தைப் பார்த்துப் பார்த்துக் கெஞ்சினார், அழுதார். ஆருக்கும் அவசரமில்லாத சாவு அது. எனக்குப் பின்னாலிருந்து விம்மல் கேட்டது. ஊரில் மகனைப் பறிகொடுத்த ஒரு மனுசி. சிரித்த சனம் எட்டி எட்டிப் பார்த்தது. கடைசிச் சொல் வரைக்கும் சொல்லிவிட்டுத்தான் அவர் சரிந்தார்.

அப்போதும் தலைவருக்கு அவசரம். எழும்பட்டும் என்றுகூடப் பார்க்காமல், பிரேதத்துக்குப் போர்க்கிறமாதிரிக் கிடந்தவர் மேல் பொன்னாடையை விரித்தார். சீ, என்ன பிறவிகள்! அதன் கீழிருந்து ரஷ்யர் என்னைப் பார்த்துக் கண்ணடித்தார்.

மறுநாள் காலை குழாயில் தண்ணீர்ச் சத்தம் மட்டும்தான் வந்தது.

“என்ன, அந்தாளுக்குச் சுகமில்லையோ? சத்தத்தைக் காணேல்லை,” என்றார் என் மனுசன்.

“சொல்லவேண்டியதைச் சொல்லி முடிச்சிட்டார்,” என்றேன். “நீங்கள் வேட்டியைப் பிடிச்சுக்கொண்டு நிண்டு கேட்டனீங்களெல்லே.”