உருளைக்கிழங்குக்கு நான் ஊற்றிய தண்ணீர்

இதை எழுதவே வேண்டாம் என்றுதான் இருந்தேன். ஆனால் என்மேல் எனக்குள்ள கோபம் இன்னும் ஆறவில்லை.

பதுளைப் பக்கம் எங்கள் தேயிலைத் தோட்டத்தில், தொழிலாளர் வீட்டு வரிசையான லயத்துக்குப் பின்னால் கொஞ்சம் உருளைக்கிழங்கு போட்டிருந்தேன். விதைக்கிழங்கு கொடுத்தவர் பக்கத்துக் காம்பராவில் குடியிருக்கும் மாரிமுத்து அண்ணன். மூன்று மாதத்தில் இலைகள் மஞ்சளாயின. செடிக்குத் தாகம் என்று நினைத்து, காலையும் மாலையும் பீலிக் குழாயில் தண்ணீர் பிடித்து வாளி வாளியாக ஊற்றினேன்.

"தம்பி, கிழங்கு முத்திருச்சு. இனிமே தண்ணி ஊத்தாத," என்றார் அண்ணன்.

அவருக்கு வழுக்கைத் தலை. "உங்க தலைக்கும் இப்படித்தான் ஊத்தாம விட்டீங்களாண்ணே?" என்றேன். லயமே சிரித்தது.

ஒரு வாரத்தில் செடிகள் சாய்ந்தன. எனக்கு வெறியே வந்துவிட்டது. மறுநாள் காலை, வேலை பிரிக்கும் பெரட்டில் எல்லார் முன்னாலும் அண்ணனைக் காட்டிக் கத்தினேன்: "பொறாமையில இவருதாங்க என் செடிக்கு வெந்நி ஊத்திட்டாரு."

கங்காணி எதையும் விசாரிக்கவில்லை. "மாரிமுத்து, இன்னிக்கு ஒனக்குப் பேரு இல்ல, போ," என்றார். ஒரு நாள் சம்பளம் போயிற்று. அண்ணன் என்னை ஒருமுறை பார்த்துவிட்டுத் திரும்பி நடந்தார்.

சாயங்காலம் தோண்டினேன். மண் சேறாகக் கிடந்தது. கிழங்கெல்லாம் அழுகி, கையில் கூழாகப் பிதுங்கி நாறின. அவ்வளவும் நான் சுமந்து ஊற்றிய தண்ணீர்.

அப்புத்தளையிலிருந்து வந்த கூட்டாளி சன்னாசியிடம் இதைச் சொல்லி, என்னை நானே ஏசிக்கொண்டேன்.

"இத எங்கிட்ட ஏன்டா சொல்ற, பெரட்டுல போய்ச் சொல்லு," என்றான் அவன்.