தாவணியில் விழுந்த ஓட்டை

ஆடி பதினேழு, காலை ஏழு இருபது, போடியில் சாரல். விண்வெளியிலிருந்து திரும்பும் கலம் கடலில் இறங்குவதைத் தொலைக்காட்சியில் காட்டினார்கள். விரிந்த மூன்று பாராசூட்டுகளின் உச்சியிலும் வட்டமாக ஓட்டை. காற்று அதன் வழியே வெளியேறுவதால்தான் கலம் அதிகம் ஆடாமல் இறங்குகிறதாம்.

அதைப் பார்த்ததும் பழைய நாள் ஒன்று நினைவுக்கு வந்தது. அப்போது எனக்கு ஒன்பது வயது, அக்காவுக்குப் பதினான்கு. குரங்கணிக்கு மேலே எங்கள் ஏலத்தோட்டம். அப்பா மூக்குக்கண்ணாடியை மறந்துவிட்டுச் சரிவில் இறங்கிவிட்டார். கண்ணாடி இல்லாவிட்டால் பிஞ்சையும் சேர்த்துப் பறித்துவிடுவார். சுற்றிப் போக ஒரு மணி நேரம். கண்ணாடியை மேலிருந்தே இறக்கிவிட நினைத்து, முதலில் அக்காவின் புதுத் தாவணியில் கல்லைக் கட்டிக் கொட்டகைக் கூரையிலிருந்து விட்டுப் பார்த்தோம். மூன்று முறையும் சாய்ந்து சுவரில் மோதியது. அக்கா அந்தப் பக்கம் திரும்பிய நேரத்தில் அரிவாளால் தாவணியின் நடுவே ஓட்டை வெட்டினேன். பிறகு பாறையிலிருந்து விட்ட கண்ணாடி, அப்பாவின் அருகில் பூப்போல இறங்கியது.

"நான்தாம்மா கிழிச்சேன்" என்று அக்கா ஏழு அடி வாங்கினாள். நான் எண்ணிக்கொண்டு நின்றேன்.

தொலைக்காட்சியை அணைக்காமலே, இப்போது சிலமலையிலிருக்கும் அக்காவைப் போனில் கூப்பிட்டேன். "அக்கா, டிவியில பாரு, அந்தப் பாராசூட்டுலயும் ஓட்டை போட்டிருக்கான்."

"அப்போ அந்த ஏழு அடியும் உனக்குத்தான். வெரசா வந்து வாங்கிக்க, அப்பு."

அக்காவுக்கு வாங்கிய நூல்சேலை எழுநூற்று நாற்பது ரூபாய், பஸ்சு பன்னிரண்டு. முதுகில் விழுந்தது ஒன்று. இன்னும் ஆறு பாக்கி.