இந்தியாக்காரன் என்று சொன்னவன் நான்

சிவலிங்கத்தைப் பொலிஸில் காட்டிக்கொடுத்தது நான்தான்.

தவராசா இல்லை. பொறாமை பிடித்த வேறு பாட்டுக்காரர்களும் இல்லை. நான்! பண்டாரவளையில் மரக்கறிக் கடையும் மூன்று லொறியும் வைத்திருக்கிற மருதமுத்து. ‘ஹில் தண்டர்ஸ்’ பொப்பிசைக் குழுவின் தலைவன், டிரம் வாசித்தவன்.

இந்த வயதில் இதை எதற்காக இவன் சொல்கிறான், இதிலும் ஏதோ லாபம் பார்க்கிறானோ என்று நீங்கள் நினைப்பீர்கள். நினையுங்கள். உங்கள் இடத்தில் நான் இருந்தாலும் அப்படித்தான் நினைப்பேன். எதிரில் இருப்பவனைச் சந்தேகப்படாமல் நான் ஒரு கோப்பைத் தேத்தண்ணிகூடக் குடித்ததில்லை. அதனால்தான் முன்னுக்கு வந்தேன் என்று ஊரெல்லாம் பெருமை பேசியிருக்கிறேன்.

பெருமை பேசுவதற்கு எனக்கு உரிமை உண்டு! ஸ்பிரிங்வெளித் தேயிலைத் தோட்டத்து லயத்தில், தொழிலாளர் வரிசை வீட்டில் பிறந்தவன் நான். மூன்றாம் வகுப்போடு படிப்பு முடிந்தது. வெலிமடையில் லீக்ஸ் மூட்டை தூக்கினேன். இன்று வெலிமடையில் எந்தத் தோட்டத்தில் உருளைக்கிழங்கு கிண்டினாலும் முதலில் எனக்குத்தான் போன் வரும். கோட்டுப் போட்டவர்கள் என்னை முதலாளி என்கிறார்கள். அத்தனையும் இந்தக் கையால் தேடியது.

ஒன்றைத் தவிர... அந்த ஒன்று ஒரு பாட்டு.

சிவலிங்கமும் நானும் ஒரே லயம். இரண்டு காம்பரா தள்ளி அவன் வீடு. அவன் பிறந்த அன்று நான் வாசலில் நின்று குழந்தை அழுவதைக் கேட்டவன். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பிறகு வேண்டியிருக்கும்.

வளர்ந்து அவன் கிற்றார் எடுத்தான். நான் டிரம் வாங்கினேன். பதுளையில் அரசாங்கக் கிளார்க்காக இருந்த யாழ்ப்பாணத்துத் தவராசா பேஸ் கிற்றார் வாசிக்க வந்து சேர்ந்தார். நாங்கள் போட்ட கசெட்டின் பெயர் ‘மூணாம் நம்பர் மலை’. தோட்டத்தில் மலைகளுக்குப் பெயர் கிடையாது, நம்பர்தான். மூணாம் நம்பரில் சிவலிங்கத்தின் அக்கா செல்லம்மா கொழுந்து எடுத்தாள். மழையில் அட்டை கடித்து வீங்கிய காலோடு அவள் வந்து முணுமுணுப்பதைக் கேட்டு அவன் கட்டிய பாட்டு அது. சொல்லும் அவனுடையது, மெட்டும் அவனுடையது. நான் தாளம் போட்டேன், அவ்வளவுதான்.

அந்தக் கசெட் பாடாத தேத்தண்ணிக் கடை ஊவா மாகாணத்தில் இருந்ததில்லை!

பிறகு, இரண்டு நாட்டு அரசுகளும் செய்த ஒப்பந்தப்படி எங்கள் தோட்டத்துச் சனத்தைப் பிரித்தார்கள். இந்தியாவுக்குப் பெயர் கொடுத்த குடும்பம் போக வேண்டும். இலங்கைக்குக் கொடுத்தது இருக்கலாம். சிவலிங்கத்தின் அப்பா இந்தியாவுக்குக் கொடுத்திருந்தார். அக்கா கட்டிக்கொண்டு போன வீட்டார் இலங்கைக்குக் கொடுத்திருந்தார்கள். ஒரே வயிற்றில் பிறந்ததில் ஒன்று அங்கே, ஒன்று இங்கே. பதுளை ஸ்டேசனில் கோச்சி நகரும்போது அக்கா ஜன்னல் கம்பியை விடவே இல்லை. நான்தான் அவள் விரல்களைப் பிரித்தேன்.

தொண்ணூறுகளில் கையில் வசதி வந்தபோது அந்தக் கசெட்டைச் சீடியாகப் போட்டேன். அட்டையில், ‘சொல், மெட்டு: மருதமுத்து’ என்று அச்சடிக்கச் சொன்னேன். ஏன் சொன்னேன்? அவன் இனி எங்கே வரப்போகிறான் என்ற தைரியம்... வேறென்ன!

மேடைகளில் எனக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். கவிஞர் என்றார்கள். மூன்றாம் வகுப்புக்காரனைக் கவிஞர் என்றால் எப்படி இனிக்கும் என்று உங்களுக்குத் தெரியாது.

சண்டை நின்று ஊர் கொஞ்சம் மூச்சுவிட்ட காலம் வந்தது. கசெட்டுக்கு இருபத்தைந்து வருடம். பழைய ஆட்களைச் சேர்த்து ஊவா முழுக்க ஒரு சுற்று வர வேண்டும் என்று எல்லோரும் பிடித்துக்கொண்டார்கள். பாடியவன் இல்லாமல் என்ன கொண்டாட்டம்? கோத்தகிரியில் தேயிலை ஃபக்டரியில் வேலை செய்துகொண்டிருந்த சிவலிங்கத்துக்கு நானே போன் போட்டேன். டிக்கெட்டும் நானே எடுத்தேன். விசிட் விசாவில் வந்தான்.

விமான நிலையத்தில் கட்டிப்பிடித்தான். தலை நரைத்திருந்தது. வேனில் ஏறியதும் கேட்டான்.

“அண்ணே, அந்தச் சீடி ஒண்ணு இருக்கா?”

கொடுத்தேன். அட்டையை முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தான். நீண்ட நேரம் பார்த்தான். பிறகு, “படம் நல்லா வந்திருக்குண்ணே” என்றான்.

அவ்வளவுதான்!

பெயரைப் பார்த்தானா, பார்க்கவில்லையா? பார்த்தும் வாயை மூடிக்கொண்டானா? ஏன் மூடிக்கொண்டான்? சண்டை போட்டிருந்தால் நான் சமாளித்திருப்பேன். சிரித்த ஆளை என்ன செய்வது?

பதுளை மேடையில் கூட்டம் தாங்கவில்லை. முடிந்ததும் ஒரு கிழவர் வந்து, “இந்தப் பாட்டெ எழுதினது யாருங்க?” என்று கேட்டார். சிவலிங்கம் என்னைப் பார்த்தான். “எங்க குழுப் பாட்டுங்க” என்றான். குழுப் பாட்டு! ஏன் என் பெயரைச் சொல்லவில்லை? ஏன் தன் பெயரையும் சொல்லவில்லை? எதற்காகக் காத்திருக்கிறான்?

அன்று முதல் அவன் தும்மினாலும் எனக்கு அர்த்தம் தெரிந்தது. தவராசாவோடு ஒதுங்கி நின்றான். நான் போனால் பேச்சு மாறியது. கடைசி நிகழ்ச்சி ஸ்பிரிங்வெளி மைதானத்தில். அக்காவுக்காக அவன் கேட்டு வாங்கிய நிகழ்ச்சி அது.

“அந்தக் காலத்துல கொழுந்தெ விட்டுட்டு எங்கெண்ணே வந்து பாக்க முடியும்? நான் மேடையில பாடி அக்கா ஒரு நாளும் பாத்ததே இல்ல. அக்கா முன்னால ஒருவாட்டி பாடிட்டா போதும்.”

இதை அவன் சொன்னபோது எனக்குக் கேட்டது வேறு. ஸ்பிரிங்வெளியில்தான் அந்தப் பாட்டு யாருடையது என்று தெரிந்த சனம் இருக்கிறது. அங்கே வைத்து என்னை உரிக்கப் போகிறான்!

வெலிமடையில் மேடைக்குப் பின்னால், ஜெனரேட்டர் பக்கத்தில் சிவலிங்கமும் தவராசாவும் நின்றார்கள். நான் தகரத் தடுப்புக்கு இந்தப் பக்கம்.

“ஸ்பிரிங்வெளியில அக்கா முன்னால வச்சி... அண்ணனுக்கு மட்டும் தெரிஞ்சிறக் கூடாதுங்க.”

“நான் ஏன் உவருக்குச் சொல்லப் போறன்? நீர் பயப்படாம இரும்.”

போதாதா? நீங்களே சொல்லுங்கள், போதாதா!

மறுநாள் காலை பதுளையில் என்னை யாருக்கும் தெரியாத ஒரு கொமினிகேஷன் கடைக்குப் போய்ப் பொலிஸுக்குப் போன் போட்டேன். சிங்களத்தில் பேசினேன். விசிட் விசாவில் வந்த ஓர் இந்தியாக்காரன் ஊர் ஊராகக் கச்சேரி நடத்துகிறான், இன்று ஸ்பிரிங்வெளியில் என்று சொன்னேன். பெயர் சொல்லவில்லை. எடுத்தவர் சும்மா ஒரு கேள்வி கேட்டார். ஆள் எங்கே பிறந்தவன்?

இந்தியாவில் என்றேன்.

இந்தியாக்காரன்! என் இளமையில் வெலிமடைச் சந்தையில் மூட்டை தூக்கும்போது முதுகுக்குப் பின்னால் என்னை எத்தனை பேர் அப்படிக் கூப்பிட்டார்கள் தெரியுமா? அந்தச் சொல்லைக் கேட்டு நான் ஒருவனை அடித்துப் பல்லை உடைத்திருக்கிறேன். இரண்டு காம்பரா தள்ளிப் பிறந்து அழுதவனை, அதே சொல்லால்... கூசாமல் வந்தது. சரளமாக வந்தது.

மத்தியானம் மைதானத்தில் ஸ்பீக்கர் கட்டிக்கொண்டிருந்தபோது ஜீப் வந்தது. அவர்கள் மரியாதையாகத்தான் பேசினார்கள். விசிட் விசாவில் வந்தவன் மேடையேறக் கூடாது, சட்டம் அப்படி. சிவலிங்கம் கிற்றாரைக் கீழே வைத்துவிட்டு என்னைத்தான் பார்த்தான்.

“அண்ணே, நீங்க சொல்லுங்கண்ணே. நான் இங்க பொறந்த ஆளுன்னு சொல்லுங்க. அதோ அந்த லயம்னு காட்டுங்க!”

நான் பாய்ந்தேன். கத்தினேன். ஜீப்புக்குப் பின்னால் வேனில் போனேன். எனக்குத் தெரிந்த பெரிய ஆட்களுக்கெல்லாம் போன் போட்டேன். பார்த்தவர்கள், முதலாளி கூடப்பிறந்தவனுக்குச் செய்வதுபோலச் செய்கிறார் என்றார்கள். அவர்கள் அப்படிச் சொன்னது என் காதில் விழுந்தது. இனித்தது! அதையும் எழுதிவிடுகிறேன்.

ஆளை விடவில்லை. அடுத்த விமானத்தில் அனுப்புவதாக முடிவாயிற்று.

மைதானத்துக்குத் திரும்பினேன். செல்லம்மா அக்கா முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள். புதுச்சேலையின் மடிப்புக்கூடக் கலையவில்லை.

“மருது, தம்பி இங்கனதானே பொறந்தான்? நீ அவுங்கள்ட்ட சொன்னியாப்பா?”

“சொன்னேன் அக்கா. கேக்க மாட்டேங்கிறாங்க.”

“நீ பெரிய ஆளு. நீ சொல்லியுமா கேக்கல?”

 மேடையேறினேன். சனம் காத்திருந்தது. யாரோ ஒருவனைப் பாடவிட்டு நான் டிரம் அடித்தேன். கைதட்டினார்கள். அக்கா தட்டவில்லை.

திரும்பி வரும்போது வேனில் தவராசா விம்மினார். நான் அவரை ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டு, “ரெண்டு பேரும் எனக்குத் தெரியாம என்னமோ பேசினீங்களே, என்னங்க அது?” என்று கேட்டேன்.

“இனிச் சொன்னா என்ன? அவனுக்குக் குரல் மேல எட்டேல்லை, மருதமுத்து. சுருதியைக் குறைச்சு வாசிக்கச் சொல்லிக் கேட்டவன். பதுளையில ஒரு கட்டை இறக்கினனாங்கள். வெலிமடையில அதுவும் காணேல்லை. தமக்கைக்கு முன்னால குரல் உடையக் கூடாது, இன்னும் இறக்கித் தாங்கோ எண்டு கெஞ்சினவன். உமக்குத் தெரிஞ்சா, கிழவனாப் போயிட்டாய் எண்டு நக்கலடிப்பீராம்.”

“பதுளையிலேயே இறக்கினீங்களா?”

“ஓம். உமக்குத் தெரியேல்லையோ?”

தெரியவில்லை! சொல், மெட்டு: மருதமுத்து. அந்த மெட்டு ஒரு கட்டை கீழே இறங்கியது அந்தக் கவிஞருக்குத் தெரியவில்லை.

ஆனாலும் கேளுங்கள்... தவராசா சொன்னது உண்மைதானா? எல்லாமே அதுதானா? சீடி அட்டையை ஏன் அவ்வளவு நேரம் பார்த்தான்? இன்றுவரை எனக்குத் தெரியாது. ஒருவேளை குரல் பயத்தோடு என்னை உரிக்கும் எண்ணமும் அவனுக்கு இருந்திருக்கலாம் என்று நினைக்கும்போது கொஞ்சம் ஆறுதலாக இருக்கிறது. அந்த ஆறுதலுக்காகவே அவன்மேல் சந்தேகத்தைத் தண்ணீர் ஊற்றி வளர்க்கிறேனோ?

இத்தோடு முடிந்திருந்தால் பரவாயில்லை. ஊருக்குப் போய்ச் சேர்ந்ததும் சிவலிங்கம் போன் போட்டான். முதலில் நன்றி சொன்னான். நான் எவ்வளவு அலைந்தேன் என்று சொல்லி அழுதான். பிறகு கேட்டான்.

“யாருண்ணே சொல்லியிருப்பா?”

நான் யோசிக்கவே இல்லை. வாய் தானாகத் திறந்தது.

“யார்னு சொல்றதுடா? நம்ம தவராசா அரசாங்கத்துல இருந்த மனுசன். இந்த விசாச் சட்டமெல்லாம் எனக்கா தெரியும்?”

 “அப்பிடியாண்ணே...” என்றான்.

அன்றோடு அவன் தவராசாவின் போனை எடுப்பதில்லை. பதுளை பஸ் நிலையத்தில் தவராசா ஒரு நாள் என் கையைப் பிடித்துக்கொண்டு, “சிவா ஏன் என்னோட கதைக்கிறானில்லை? நான் என்ன பிழை விட்டனான்?” என்று கேட்டார். எனக்கென்ன தெரியும் என்றேன். அவர் மெலிந்திருந்தார். வெலிமடை பஸ் வந்தது, ஏறிவிட்டேன்.

செல்லம்மா அக்கா செத்தபோது அவனுக்கு விசா கிடைக்கவில்லை. ஒரு முறை திருப்பி அனுப்பிய ஆளாயிற்றே! காரியத்தை நான்தான் முன்னின்று செய்தேன். குறை வைக்கவில்லை, தோட்டமே பேசியது. போனில் அவன், “நீங்கதாண்ணே எனக்குக் கூடப்பொறந்தவரு” என்றான்.

உள்ளதைச் சொல்லிவிடலாம் என்று அப்போது ஒரு கணம் வாய் வரை வந்தது. நம்புவீர்களா? நம்ப வேண்டாம். வந்தது, விழுங்கினேன்.

போன வாரம் மறுபடி போன். குரல் மிகவும் தளர்ந்திருந்தது.

“அண்ணே, கசெட்டுக்கு முப்பது வருசம் வருது. மறுபடி விசாவுக்கு எழுதிப் போட்டிருக்கேன். இந்தவாட்டி கெடைக்கும்னு சொல்றாங்க. ஊர் ஊரா வேணாம். ஸ்பிரிங்வெளியில மட்டும், அக்காவெப் பொதைச்ச எடத்துக்குப் பக்கத்துல ஒருவாட்டி பாடிட்டு வந்துர்றேன். காசு வாங்காம. தவராசாவெக் கூப்பிட வேணாம். நீங்க ஒருத்தர் பக்கத்துல இருந்தாப் போதும்.”

“வாடா தம்பி” என்றேன். “நான் இருக்கேன்ல!”

போனை வைத்தேன். அழுதேன் என்று எழுத ஆசைதான். அழவில்லை. அப்போது என் மனதில் முதலில் வந்தது என்ன தெரியுமா?

இவனுக்கு விசயம் தெரிந்துவிட்டதோ? தெரிந்துகொண்டுதான், நான் மட்டும் போதும் என்கிறானோ... அந்தச் சனத்துக்கு முன்னால், மைக்கைக் கையில் வைத்துக்கொண்டு...?